ஒரே வினை, இரு நீதி: திருவயிந்திரபுரக் கல்வெட்டில் உள்நாட்டுப் போரும் திருவக்கரையும்

ஆய்வுச் சுருக்கம்

காடவர் தலைவன் கோப்பெருஞ்சிங்கன் சோழப் பேரரசன் மூன்றாம் இராசராசனைச் சேந்தமங்கலத்தில் சிறைவைத்ததையும், போசள மன்னன் இரண்டாம் நரசிம்மனின் தண்டநாயகர் இருவர் படைநடத்தி அவனை மீட்டதையும் திருவயிந்திரபுரக் கல்வெட்டு (1231-32) விரிவாகக் கூறுகிறது. அரசியல் வரலாற்றாய்வில் நெடுங்காலமாகச் சான்றாகப் பயன்பட்டுவரும் இக்கல்வெட்டு, ஓர் உரைநடைப் பனுவலாக நுணுகி வாசிக்கப்பட்டது குறைவு. பகைவனின் குற்றத்தைச் சொல்லவும் தம் படையின் செயலைச் சொல்லவும் கல்வெட்டு ஒரே வினைச்சொற்களைக் கையாள்வதையும், வினையெச்சத் தொடரமைப்பு ஊர்களின் அழிவை வெற்றியின் படிகளாக மாற்றுவதையும் இக்கட்டுரை எடுத்துக்காட்டுகிறது. அழிக்கப்பட்ட ஊர்களுள் ஒன்றாகக் கல்வெட்டு பெயர்சுட்டும் திருவக்கரையை நோக்குநிலையாகக் கொண்டால், ‘மீட்புப் போர்’ என்னும் வழக்கமான விளக்கம் போதாமையுடையது என்பதே கட்டுரையின் முடிவு.

திறவுச்சொற்கள்: திருவயிந்திரபுரம், கோப்பெருஞ்சிங்கன், போசளர், தண்டநாயகர், திருவக்கரை, வஞ்சித்திணை, கொற்றவள்ளை, கல்வெட்டு உரைநடை.

1. முன்னுரை

விழுப்புரம் மாவட்டம் வானூர் வட்டத்தில், சங்கராபரணி எனவும் வராகநதி எனவும் வழங்கும் ஆற்றின் கரையில் திருவக்கரை அமைந்துள்ளது. திருஞானசம்பந்தரின் பாடல்பெற்ற இத்தலத்தின் சிவன் கோயில், முதலாம் இராசராசன் காலத்தில் செம்பியன் மாதேவியாரால் கற்றளியாக்கப்பட்டது. சோழ அரசமரபு தன் பெயரைக் கல்லில் பொறித்துச்சென்ற ஊர்களுள் ஒன்று இது. அவ்வூரே ஏறத்தாழ 230 ஆண்டுகளுக்குப் பின், ஒரு சோழப் பேரரசனை மீட்க வந்த படையால் அழிக்கப்பட்டது என்கிறது திருவயிந்திரபுரக் கல்வெட்டு. ‘திருவெக்கரை’ என்னும் வடிவில் அங்கு இவ்வூர்ப்பெயர் இடம்பெறுகிறது.

கடலூரையடுத்த திருவயிந்திரபுரத்துத் (இன்றைய வழக்கில் திருவந்திபுரம்) தேவநாயகப் பெருமாள் கோயிலில் உள்ள இக்கல்வெட்டை ஈ. ஹுல்ட்ஸ் ‘எபிகிராபியா இந்திகா’வின் ஏழாம் தொகுதியில் ஆங்கில மொழிபெயர்ப்புடன் பதிப்பித்தார். கே.ஏ. நீலகண்ட சாத்திரியாரும் தி.வை. சதாசிவ பண்டாரத்தாரும் பிற்காலச் சோழர் வரலாற்றை எழுதியபோது இதனை விரிவாகப் பயன்படுத்தினர். அவர்களது ஆய்வே இன்றும் நமக்கு அடித்தளம். எனினும், அவர்களது வினா அரசனைப் பற்றியது: சோழன் எவ்வாறு சிறைப்பட்டான், எவ்வாறு விடுபட்டான்? அவ்வினாவிற்குள் திருவக்கரை, படை கடந்துசென்ற ஊர்ப்பட்டியலில் ஒரு பெயர் மட்டுமே.

இக்கட்டுரையின் வினா வேறு. இக்கல்வெட்டு தன் போரை எத்தகைய மொழியில் சொல்கிறது? அம்மொழி எதனைக் குற்றமாக்குகிறது, எதனைக் கடமையாக்குகிறது? போரின் அமைப்பு, தலைவர்கள், படைச்செலவு ஆகியவற்றைக் கல்வெட்டின் சொல்லமைப்போடு சேர்த்துப் பார்ப்பதன்வழி இவ்வினாவிற்கு விடைகாண முயல்கிறது இக்கட்டுரை.

2. போரின் பின்புலம்

1216இல் ஆட்சிக்கு வந்த முதலாம் மாறவர்மன் சுந்தரபாண்டியன் சோழநாட்டின்மீது படையெடுத்துத் தஞ்சையையும் உறையூரையும் எரியூட்டினான். பின்னர்ச் சோழனுக்கே நாட்டைத் திருப்பியளித்தான். மூன்றாம் இராசராசன் காலத்தில் சோழப் பேரரசு பெயரளவில் நிலைத்தது. ஆனால் தொண்டைமண்டலத்திலும் நடுநாட்டிலும் உண்மையான ஆற்றல் காடவர், சம்புவராயர் முதலிய தலைவர்களிடம் இருந்தது. பல்லவ மரபினராகத் தம்மைக் கூறிக்கொண்ட காடவர், சோழர் ஆட்சியமைப்புக்குள்ளேயே வளர்ந்தவர்கள். சோழ அதிகாரிகளாகவும் படைத்துணைவர்களாகவும் இருந்தே அவர்கள் வலுப்பெற்றனர். இராசராசனைச் சிறைசெய்தவனும் 1243இல் ஆட்சியேற்ற கோப்பெருஞ்சிங்கனும் ஒருவரா, தந்தையும் மகனுமா என்பது நெடுநாள் வழக்கு. இருவர் என்பதே இன்று பெரும்பாலோர் கொள்வது.

எனவே இப்போரை ‘உள்நாட்டுப் போர்’ எனக் குறிப்பது பொருந்தும். போசளர் புறத்திலிருந்து வந்தவர்களாயினும், போரின் பொருள் சோழ அரசமைப்பின் உட்பூசலே. அரசனைப் பிடித்தவன் அவனது ஆட்சிக்குட்பட்ட தலைவன். பிடிபட்டவன் அவனது மேலரசன். போர் நிகழ்ந்த மண் இருவருக்கும் பொதுவான நாடு. இறுதியாகச் சுட்டியது சிறப்பாகக் கருதத்தக்கது. கல்வெட்டு மூன்றாம் இராசராசனின் 15ஆம் ஆட்சியாண்டின் எதிராமாண்டில், அதாவது 16ஆம் ஆண்டில் பொறிக்கப்பட்டுள்ளது. எந்த அரசனின் ஆட்சியாண்டால் காலம் கணிக்கப்படுகிறதோ, அவ்வரசனின் நாட்டு ஊர்களே அவனை மீட்பதற்காக அழிக்கப்பட்டன என்பதைக் கல்வெட்டின் முதல் வரியும் அதன் நடுப்பகுதியும் சேர்ந்து சொல்கின்றன. இம்முரணைக் கல்வெட்டு எங்கும் ஒரு முரணாக உணரவில்லை.

3. கல்வெட்டின் அமைப்பு: ஆணையும் நிறைவேற்றமும்

கல்வெட்டு இரு பகுதிகளாக அமைந்துள்ளது. முதற்பகுதி காரணத்தையும் ஆணையையும் கூறுகிறது. கோப்பெருஞ்சிங்கன் சோழப் பேரரசனைப் பிடித்துவைத்து, தன் படையை ஏவி நாட்டை அழித்தான். தேவாலயங்களும் விஷ்ணு தலங்களும் அழிந்தன. இச்செய்தி கேட்ட நரசிம்மன், சோழமண்டலத்தை நிலைநிறுத்தியவன் என்னும் புகழைக் காத்தாலன்றிக் காளம் ஊதுவதில்லை என வஞ்சினம் கூறித் தோரசமுத்திரத்திலிருந்து புறப்படுகிறான். வழியில் மகர நாட்டை வேரறுத்து, அதன் தலைவனையும் பெண்டிரையும் பண்டாரத்தையும் கைக்கொண்டு, திருவரங்கத்தை அடுத்த பாச்சூரில் தங்குகிறான். அங்கிருந்து, கோப்பெருஞ்சிங்கனின் நாட்டை அழித்துச் சோழனை எழுந்தருளச் செய்க எனத் தண்டநாயகர்களுக்கு ஆணையிடுகிறான்.

இரண்டாம் பகுதி, ஆணை பெற்றுச் சென்ற தண்டநாயகர் இருவரின் செயல்களை வரிசைப்படுத்துகிறது. அது சேந்தமங்கலத்தை முற்றுகையிட முனையும் தறுவாயில், கோப்பெருஞ்சிங்கன் பணிந்ததோடும் சோழன் தன் நாட்டினுள் புகவிடப்பட்டதோடும் முடிகிறது.

இவ்விரு பகுதிகளையும் ஏறத்தாழ ஒரே நீண்ட தொடர் இணைக்கிறது. செய்து, செய்து என அடுக்கிவரும் வினையெச்சங்கள் ஒன்றையொன்று பற்றிச்சென்று, சோழன் நாட்டினுள் புகவிடப்பட்ட செய்தியில் முற்றுப்பெறுகின்றன. கல்வெட்டு உரைநடையில் இத்தகைய தொடர் புதிதன்று. ஆனால் இங்கு அதன் விளைவு கவனிக்கத்தக்கது. வினையெச்சம் தன்னளவில் முற்றுப்பெறாதது. முடிக்கும் வினையை நோக்கியே அது நிற்கிறது. ஊர் அழிந்தது என்பது இங்கு ஒரு முற்றுச்செய்தியாக எங்கும் இல்லை. ஊரை அழித்து, காட்டை வெட்டுவித்து, பெண்டிரைப் பிடித்து என ஒவ்வொரு செயலும் அடுத்த செயலுக்கு இடம்விட்டு நகர்கிறது. முற்றுவினையின் உரிமை அரசனின் மீட்சிக்கு மட்டுமே உண்டு. வரலாற்றாசிரியர்கள் இப்போரை ‘மீட்பு’ எனச் சுருக்கியதற்கு அவர்களது அரசியல் நோக்கு மட்டும் காரணமன்று. அவர்களுக்கு முன்பே இலக்கணம் அதைச் செய்துவைத்திருந்தது.

4. படையமைப்பும் தலைவர்களும்

போசளப் படையை நடத்திய அப்பண்ணன், சமுத்திர கோப்பையன் ஆகிய இருவரும் ‘தண்ணாக்கன்’ என்னும் வடிவில் தண்டநாயகப் பட்டத்தோடு குறிக்கப்படுகின்றனர். மகாபிரதானி, பரமவிசுவாசி என்னும் பட்டங்களும் உடன்வருகின்றன. போசள ஆட்சியில் அமைச்சுப் பணியும் படைத்தலைமையும் ஒருவரிடமே இணைந்திருந்ததை இப்பட்டங்கள் காட்டுகின்றன. உலகிற்கே ஒரு வீரன் எனப் பொருள்படும் ‘ஜகதொப்பகண்டன்’ என்னும் கன்னடப் பட்டம் தமிழ் எழுத்தில் தமிழ்த் தொடரினுள் அமர்ந்திருப்பது, இப்படையின் மொழிச்சூழலுக்கும் ஒரு சான்று. அரசன் பாச்சூரில் தங்க, களத்தில் இரு தலைவர்கள் இணைந்து செயற்பட, இடையே தூதர் வழியாகச் செய்தி சென்றுவந்தது என்பதே கல்வெட்டு காட்டும் கட்டமைப்பு. போரைத் தொடங்கவும் நிறுத்தவும் உள்ள அதிகாரம் அரசனிடம். போரை எவ்வாறு நடத்துவது என்னும் அதிகாரம் தண்டநாயகர்களிடம்.

காடவர் பக்கத்து அமைப்பு வேறு. கோப்பெருஞ்சிங்கன் எள்ளேரியிலும் கல்லியூர்மூலையிலும் இருந்ததாகவும், சோழகோன் தொழுதகையூரில் இருந்ததாகவும் கல்வெட்டு கூறுகிறது. அவற்றை அழித்த பின்னர், ஈழத்து அரசன் பராக்கிரமபாகு உள்ளிட்ட முதலிகள் நால்வர் கொல்லப்பட்டு, அவர்களது குதிரைகளும் சோழகோனின் குதிரைகளும் கைப்பற்றப்படுகின்றன. இங்கு ஒரே பெரும்படை இல்லை. தத்தம் ஊர்களில் தத்தம் குதிரைப்படையோடு நிலைகொண்ட தலைவர்களின் கூட்டே உள்ளது. சோழகோன் என்னும் பெயர் பிற்காலத்தில் சிதம்பரத்துக் கல்வெட்டுகளில் காடவ அரசின் உயர் அதிகாரியின் பெயராகவும் வழங்குகிறது. சோழ ஆட்சியில் வழங்கும் பட்டப்பெயரோடு சோழனுக்கு எதிரான அணியில் நிற்பது உள்நாட்டுப் போர்களின் இயல்பு. ஈழத்தில் கலிங்க மாகனின் ஆட்சி நிலவிய அக்காலத்தில், ஈழ அரசன் எனப்பட்ட ஒருவன் காடவர் அணியில் போரிட்டு மடிந்தான் என்பது, நாடிழந்த அரசகுலத்தவர்க்குக் காடவ நாடு புகலிடமாய் இருந்திருக்கலாம் எனக் கருத இடந்தருகிறது.

கல்வெட்டின் நடையில் ஒரு சிறு நழுவல், இதன் உண்மையான ஆசிரியர் யார் என்பதைக் காட்டிக்கொடுக்கிறது. தொடக்கம் முதல் தண்டநாயகர்கள் படர்க்கையிலேயே குறிக்கப்படுகின்றனர். இறுதியில், அரசன் இசைந்து ஆள் அனுப்பிய செய்தி கூறப்படும் இடத்தில் மட்டும் ‘நமக்கும்’ என்னும் தன்மைப்பன்மை புகுந்துவிடுகிறது. அரசனின் புகழ்பாடும் பனுவல்போலத் தொடங்கிய கல்வெட்டு, அவ்விடத்தில் படைத்தலைவர்களின் சொந்த அறிக்கையாக வெளிப்படுகிறது. சோழர் மெய்க்கீர்த்தியில் இத்தகைய குரல் அரிது. அங்கு வெற்றி அரசனுடையது, படைத்தலைவன் மறைந்துவிடுவான். கலிங்கப் போரை நடத்திய கருணாகரத் தொண்டைமானைப் பரணி இலக்கியம் போற்றினும், அப்புகழின் முடிவிடம் குலோத்துங்கனே. திருவயிந்திரபுரத்தில் தண்டநாயகர்கள் தாம் செய்தவற்றைத் தாமே எண்ணிச் சொல்கின்றனர். பணி முடித்த அலுவலரின் கணக்கு நடை இது. எனவேதான் அழிக்கப்பட்ட ஊர்களின் பெயர்கள் நமக்குக் கிடைத்தன.

5. படைச்செலவின் வழி: திருவக்கரை ஏன்?

கல்வெட்டு தரும் ஊர்களை நிலப்படத்தில் வைத்துப் பார்த்தால் படைச்செலவின் இயல்பு தெளிவாகும். காடவத் தலைவர்கள் இருந்த ஊர்களை அழித்த படை, சிதம்பரத்தில் பொன்னம்பலத்தை வணங்குகிறது. பின் தொண்டைமானல்லூர் உள்ளிட்ட நல்ல ஊர்களை அழித்து, காடுகளை வெட்டுவித்து, திருப்பாதிரிப்புலியூரில் பாளையம் இறங்குகிறது. அங்கிருந்து திருவதிகை, திருவக்கரை முதலிய ஊர்களை அழிக்கிறது. தொடர்ந்து வாரணவாசி ஆற்றுக்குத் தெற்கும் சேந்தமங்கலத்துக்குக் கிழக்கும் கடல்வரையிலும் உள்ள ஊர்களையும் குடிக்கால்களையும் சுட்டும் அழித்தும், பெண்டிரைப் பிடித்தும் கொள்ளையிட்டும் செல்கிறது. ‘குடிக்கால்’ என்பதைக் குடிநீர்க் கால்வாய் என ஹுல்ட்ஸ் கொண்டார்.

திருப்பாதிரிப்புலியூரிலிருந்து சேந்தமங்கலம் மேற்கே, கெடிலத்தின் போக்கில் உள்ளது. திருவதிகையும் கெடிலக்கரையில் அவ்வழியிலேயே உள்ளது. திருவக்கரை அவ்வழியில் இல்லை. அது பாளையத்துக்கு வடக்கே, நேர்கோட்டில் ஏறத்தாழ 30 கிலோமீட்டர் தொலைவில், பெண்ணையாற்றுக்கும் அப்பால் உள்ளது. சேந்தமங்கலத்தை நோக்கிச் செல்லும் படை தற்செயலாக மிதித்துச்செல்லக்கூடிய ஊர் அன்று அது. ஆற்றைக் கடந்து, வழிவிலகி, அதற்கென்றே சென்றாலன்றித் திருவக்கரையை அடைய இயலாது. ஆகவே அவ்வூரின் அழிவைப் படைநடையின் பக்கவிளைவாகக் கொள்வதற்கில்லை. அது திட்டத்தின் பகுதி.

அத்திட்டம் எது? கோட்டையை நேரே தாக்காமல், கோட்டையைத் தாங்கும் நிலத்தை அழிப்பது. ஆற்றையும் தலைநகரையும் கடலையும் எல்லையாகச் சுட்டும் கல்வெட்டு, ஓர் ஊரையன்று, ஒரு நிலப்பரப்பையே வரையறுத்துக் காட்டுகிறது. காடு காவலாகப் பயன்பட்ட நாட்டில் காட்டை வெட்டுவிப்பது படைக்கு வழிசெய்வதோடு எதிரியின் மறைவிடத்தையும் ஒழிக்கும். நெல்விளையும் ஊர்களும் நீர்க்கால்களும் அழிந்தால் சேந்தமங்கலத்தின் களஞ்சியமும் வரிவருவாயும் அற்றுப்போகும். இவ்வழிமுறை வென்றது என்பதும் கல்வெட்டிலேயே தெரிகிறது: முற்றுகை நிகழவே இல்லை. படை சேந்தமங்கலத்தில் இறங்கப்போகும் நிலையிலேயே கோப்பெருஞ்சிங்கன் மனங்குலைந்து நரசிம்மனுக்கு விண்ணப்பிக்கிறான். போரை முடித்தது களத்தில் பெற்ற வெற்றியன்று, ஊர்களின் அழிவு. அவ்வகையில் சோழனின் விடுதலைக்கு விலைகொடுத்தவை திருவக்கரை போன்ற ஊர்களே எனலாம்.

6. இரு வினைகள்: அழித்தலும் பிடித்தலும்

இக்கட்டுரையின் மையம் இங்குள்ளது. கோப்பெருஞ்சிங்கனின் குற்றத்தைக் கூறக் கல்வெட்டு கையாளும் வினைகள் முதன்மையாக இரண்டு: சோழனைப் ‘பிடித்து’ வைத்தான், நாட்டை ‘அழித்து’ நின்றான். தண்டநாயகர்களின் செயலைக் கூறும்போது அதே வினைகள் மீண்டும் வருகின்றன: ஊர்களை ‘அழித்து’, பெண்டிரைப் ‘பிடித்து’. போரின் காரணமாக எடுத்துச்சொல்லப்பட்ட செயலே போரின் வழிமுறையும் ஆகிறது. சொல்லை மாற்றவேண்டும் என்னும் தேவையைக்கூடப் பொறித்தவர்கள் உணரவில்லை.

எனினும் கல்வெட்டுக்கென ஓர் அறக்கணக்கு இல்லாமலில்லை. அதனை வினையில் தேடாமல் செயப்படுபொருளில் தேடவேண்டும். காடவன் அழித்தவற்றுள் தேவாலயங்களும் விஷ்ணு தலங்களும் சேர்த்துச் சொல்லப்படுகின்றன. போசளப் படை அழித்தவை ஊர், காடு, குடிக்கால். திருவதிகையும் திருவக்கரையும் பெருஞ்சிவத்தலங்களாயினும் அவை ‘ஊர்கள்’ என்னும் வகைப்பாட்டிலேயே வைக்கப்படுகின்றன. அங்குள்ள கோயில்களைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. அழிவுகளின் நடுவே பொன்னம்பல வழிபாடு இடம்பெறுகிறது. ஆக, கோயிலைத் தொட்டவன் காடவன், கோயிலை வணங்கியவர் நாம். ஊரை அழிப்பது போரின் வழக்கம் என்பதே கல்வெட்டின் வாதம். கல்வெட்டு ஒரு பெருமாள் கோயிலில் உள்ளது என்பதையும், குற்றப்பட்டியலில் விஷ்ணு தலங்கள் தனியே எடுத்துச்சொல்லப்படுகின்றன என்பதையும் இணைத்து நோக்கினால், இவ்வாதம் யாரை நோக்கியது என்பதும் விளங்கும்.

இவ்வாதத்தில் கோயிலுக்கும் ஊருக்கும் இடையே இடப்படும் கோடு செயற்கையானது. இடைக்காலத் தமிழகத்தில் கோயிலின் விளக்குக்கு நெய்யளந்தவரும் தேவதான நிலத்தை உழுதவரும் திருவிழாவுக்கு நெல்லளந்தவரும் அவ்வூரார். ஊரைச் சுட்டுக் கோயிலை விட்டுவைத்தோம் எனல், வேரை வெட்டிக் கிளையைக் காத்தோம் என்பதற்கு ஒப்பாகும்.

‘பிடித்தல்’ என்னும் வினையின் கதை இன்னும் கடுமையானது. பிடிக்கப்பட்ட சோழன் கல்வெட்டின் இறுதியில் விடுபடுகிறான். அவனுக்கு ‘எழுந்தருளுவித்தல்’ என்னும் வினை வழங்கப்படுகிறது. திருமேனிகளை உலாக்கொள்ளும் வழக்கில் பயிலும் சொல் அது. பிடிக்கப்பட்ட பெண்டிர் மீண்டும் குறிக்கப்படவில்லை. அவர்கள் எங்குக் கொண்டுசெல்லப்பட்டனர், திரும்பினரா என்பதற்குக் கல்வெட்டில் இடமில்லை. ஒரு சிறைப்பாடு பேரரசுகளை நகர்த்துகிறது; மற்றொன்று கொள்ளையோடு சேர்த்து எண்ணப்படுகிறது. தேவாலய அழிவைக் கேட்டு வருந்திய மன்னனின் செவிக்கு இச்செய்தி வருத்தமாகவன்று, வெற்றியாகவே எடுத்துச்செல்லப்பட்டது.

7. வஞ்சித்திணையும் கொற்றவள்ளை இன்மையும்

பகைநாட்டை எரியூட்டுவது தமிழ்ப் புறமரபுக்குப் புதிதன்று. தொல்காப்பியர் எரி பரந்தெடுத்தலை வஞ்சித்துறையாக வைத்தார். ஐயனாரிதனாரின் புறப்பொருள் வெண்பாமாலை, பகைவர் நாட்டை எரிப்பதை உழபுலவஞ்சி எனவும் கொள்ளையிடுவதை மழபுலவஞ்சி எனவும் பெயரிட்டது. சுந்தரபாண்டியனின் மெய்க்கீர்த்தியும் சோழநாட்டு நகரங்களை எரித்ததைப் பெருமையாகவே பாடுகிறது. ஆகவே, போசளத் தண்டநாயகர்களின் செயலை மரபுக்கு வெளியே வைத்துக் கடிந்துகொள்வது வரலாற்றுணர்வு ஆகாது என ஒருவர் வாதிடலாம்.

அவ்வாதத்திற்கு மரபே இரு விடைகள் தருகிறது. முதலாவது, வஞ்சி ‘பிறர் நாடு’ என்னும் கருத்தின்மேல் நிற்பது. மண்ணாசை கொண்டு மாற்றான் மண்ணுக்குச் செல்வதே அத்திணையின் அடிப்படை. உள்நாட்டுப் போரில் மாற்றான் மண் என ஒன்றில்லை. திருவக்கரை சோழநாட்டு ஊரா, காடவ நாட்டு ஊரா? கோயிலின் கல்லில் சோழ அரசியின் திருப்பணி. ஆட்சியில் காடவன் செல்வாக்கு. ஆண்டுக்கணக்கில் சோழனின் பெயர். கல்வெட்டு அதனைக் கோப்பெருஞ்சிங்கனின் ‘தேசம்’ என ஆக்கிக்கொண்ட பின்னரே அழிவு இயல்பாகிறது. ஊரை முதலில் பகைவனுடையதாகப் பெயரிடுவதும் பின்னர் அழிப்பதும் ஒரே செயலின் இரு படிகள்.

இரண்டாவது விடை இன்னும் நுட்பமானது. அதே வஞ்சித்திணையில்தான் கொற்றவள்ளை என்னும் துறையும் உண்டு. வேந்தனின் வெற்றியைச் சொல்லி, பகைவர் நாடு அழிவதற்கு இரங்குவது அத்துறை. வென்றவனைப் பாடும் புலவன், அழிந்த வயலையும் ஊரையும் காணாமல் செல்லவியலாது என்பதை இலக்கணமே உணர்ந்திருந்தது. திருவயிந்திரபுரக் கல்வெட்டில் மழபுலவஞ்சி முழுமையாக உள்ளது, கொற்றவள்ளை இல்லை. செய்யுளிலிருந்து உரைநடைக்கும், புலவனிடமிருந்து தண்டநாயகனின் அறிக்கைக்கும் போர்மொழி மாறியபோது இழந்தது எது என்பதை இது காட்டுகிறது. பெயர்களின் துல்லியம் கூடியது. இரக்கத்திற்கான இடம் மறைந்தது. போசள அவைக்களத்துச் சகலவித்யாசக்கரவர்த்தி இதே படையெடுப்பைப் பொருளாகக்கொண்டு வடமொழியில் இயற்றிய ‘கத்யகர்ணாமிர்தம்’ அரசனின் புகழை அணிநடையில் விரித்தது. தமிழ்க் கல்வெட்டோ அணிகளைக் களைந்து ஊர்ப்பெயர்களை வைத்துக்கொண்டது. ஆய்வாளருக்கு இரண்டாவதே பெருங்கொடை.

8. மறுதரப்பின் குரல்

வென்றவர் பனுவலை ஐயுறும்போது தோற்றவர் பனுவலை அப்படியே நம்பிவிடும் இடர் உண்டு. வந்தவாசிப் பகுதியிலுள்ள வயலூர்க் கல்வெட்டு, காடவன் தெள்ளாற்றில் சோழனை வென்று அமைச்சரோடு சிறைப்படுத்தியதைத் தமிழ்ச் செய்யுளில் பெருமிதத்துடன் கூறுகிறது. தெள்ளாறு என்னும் இடப்பெயர், அங்கு வென்ற மூன்றாம் நந்திவர்மப் பல்லவனை நினைவூட்டுவது; காடவரின் பல்லவ மரபுரிமைக்கு அது வலுச்சேர்த்தது. சிதம்பரத்துத் தெற்குக் கோபுரம் சொக்கச்சீயன் என்னும் காடவப் பெயரால் வழங்கியது. எனவே, காடவன் கோயில்களை அழித்தான் என்னும் போசளர் குற்றச்சாட்டை அப்படியே ஏற்கவியலாது.

ஆனால் கோப்பெருஞ்சிங்கனைப் பல்லவ மரபின் மீட்பனாகப் போற்றும் எழுத்துகளும் அதே பிழையை மறுபுறமாகச் செய்கின்றன. நரசிம்மனின் இடத்தில் கோப்பெருஞ்சிங்கனை நாயகனாக வைப்பதால் திருவக்கரைக்குக் குரல் கிடைத்துவிடாது. வயலூர்ச் செய்யுளும் அரசர் இருவரின் செய்தியே. காடவப் படை நடந்த ஊர்களைப் பற்றி அது பேசவில்லை. இரு பனுவல்களுக்கும் இடையே உள்ள பகை வெளிப்படை. ஊரைப் பற்றிய மௌனத்தில் அவை உடன்படுகின்றன.

9. ஒரு மறுப்பும் விடையும்

கல்வெட்டுத் தமிழில் ‘அழித்து’ என்பது தோற்கடித்து, அதிகாரத்தை நீக்கி என்னும் அளவிலேயே நிற்கக்கூடும். அதனை முழு அழிவாகக் கொள்வது மிகை என ஒருவர் மறுக்கலாம். இம்மறுப்பு மதிக்கத்தக்கது. திருவக்கரைக் கோயில் இன்றும் நிற்பது முழு அழிவு என்னும் விளக்கத்திற்கு எதிரானதே. ஆயின் கல்வெட்டு அழித்தலை மட்டும் சொல்லி நிற்கவில்லை. சுடுதல், பிடித்தல், கொள்ளைகொள்ளல் என அதனை உடனேயே விரித்துரைக்கிறது. இவ்வினைகள் அதிகார மாற்றத்தைக் குறிப்பன அல்ல. மேலும், மிகைப்படுத்தல் என்றே கொண்டாலும் நம் வாதம் வலுவிழக்காது. ஊர்களைச் சுட்டதாக மிகைப்படுத்திச் சொல்வது தம் அரசனுக்குப் புகழ்சேர்க்கும் எனத் தண்டநாயகர்கள் கருதினர் என்றால், அக்கருத்தே ஆராயத்தக்க செய்தி.

படையெடுப்பின் பயனும் மறுமதிப்பீட்டுக்குரியது. சோழன் விடுபட்டான் என்பது உண்மை. ஆனால் கோப்பெருஞ்சிங்கனின் நாட்டை அழிக்க வேண்டும் என்னும் ஆணை நிறைவேறியதா? 1243இலேயே இரண்டாம் கோப்பெருஞ்சிங்கன் தன் பெயரால் ஆட்சியாண்டு கணிக்கத் தொடங்கி, 1279 வரை அப்பகுதியின் பேரரசனாகவே விளங்கினான். ஏறத்தாழ 12 ஆண்டுகளில் காடவர் முன்னினும் வலுப்பெற்றனர். அரசின் ஆற்றல் மீண்டது. சுடப்பட்ட ஊர்களின் மீட்சிக்கு அத்தகைய கணக்கு எழுதப்படவில்லை.

10. முடிவுரை

திருவயிந்திரபுரக் கல்வெட்டு ஓர் உள்நாட்டுப் போரின் படையமைப்பையும் தலைவர்களையும் செலவையும் தெளிவாகக் கூறும் அரிய ஆவணம். அதன் தெளிவே அதன் தீர்ப்பையும் வெளிப்படுத்துகிறது. ஒரே வினை பகைவனிடம் குற்றமாகவும் தம்மிடம் கடமையாகவும் நிற்பது, முற்றுவினை அரசனுக்கே ஒதுக்கப்படுவது, கோயிலுக்கும் ஊருக்கும் இடையே செயற்கைக் கோடு இடப்படுவது, வஞ்சி இருந்தும் கொற்றவள்ளை இல்லாமற்போவது ஆகிய நான்கும் சேர்ந்து, ‘மீட்புப் போர்’ என்னும் பெயர் போரின் ஒரு பாதியை மட்டுமே சொல்கிறது எனக் காட்டுகின்றன. வழிவிலகிச் சென்று அழிக்கப்பட்ட திருவக்கரை, மறுபாதியின் பெயர்.

இதிலிருந்து இரு பணிகள் எழுகின்றன. ஒன்று, திருவக்கரை, திருவதிகை ஆகிய ஊர்களின் கல்வெட்டுகளைக் கால வரிசையில் அடுக்கி, 1231-32க்கு முன்னும் பின்னும் கொடைகள், நிலவிற்பனைகள், ஊரவை முடிவுகள் ஆகியவற்றில் நேர்ந்த மாற்றங்களைக் காண்பது. அழிவின் அளவை வென்றவரின் சொல்லால் அல்லாமல் ஊரின் ஆவணத்தால் அளக்க அதுவே வழி. மற்றொன்று, தமிழ்த்துறைகளில் கல்வெட்டுகளை வரலாற்றுச் சான்றாக மட்டும் கற்பிக்கும் வழக்கத்தை விரித்து, பதின்மூன்றாம் நூற்றாண்டு உரைநடைப் பனுவல்களாகவும் கற்பிப்பது. வினையெச்சத்திற்கும் வினைமுற்றுக்கும் உள்ள வேறுபாட்டை மாணவர்க்கு விளக்க இதனினும் சிறந்த பாடம் அமைவது அரிது. ஊர் அழிந்தது என முற்றாகச் சொல்ல ஒரு மொழி எப்போது தயங்குகிறது என்பதையும் அது உடன்சேர்த்தே கற்பிக்கும்.